மாசா மாசம் யாரோ

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கல்மண்டபத்து மாடி வீட்டில் இருந்தவர்கள்:

சவரிநாதன். வீட்டுக்காரர். கன்டெய்னர் யார்டில் கிரேன் ஆபரேட்டர். அந்தச் சந்திலேயே கிரெடிட் கார்டு வைத்திருந்த ஒரே ஆள்.

ரெஜினா. அவர் மனைவி. தண்டையார்பேட்டையில் மளிகைக்கடை வைத்திருந்த தெற்கத்திக் குடும்பத்துப் பெண். யாரைப் பற்றியும் நல்லதாகத்தான் பேசுவாள், அவர்கள் எதிரில் இருக்கும்வரை.

டெபோரா. மருமகள். அவள் புருஷன் சாவியோ கப்பலில் இருந்தான். ஆகவே அவன் கணக்கில் இல்லை. சுவர்ப் போட்டோவில் மட்டும் வெள்ளைச் சட்டையும் தாடியுமாகச் சிரித்துக்கொண்டிருந்தான்.

ஜெபின். ரெஜினாவின் தம்பி. எண்ணூரில் நிலக்கரி யார்டில் நைட் ஷிப்ட் பார்த்தவன். ஒரு விடியற்காலையில் ஷிப்ட் முடியும் முன்பே கேட்டைத் தாண்டி நடந்தவன், அப்புறம் அந்தப் பக்கம் திரும்பவில்லை. அதிலிருந்து அக்கா வீட்டு ஹாலில் பாய். நைட் ஷிப்ட் போய்விட்டது, ராத்திரித் தூக்கம் மட்டும் திரும்பி வரவில்லை.

ஐந்தாவதாகவும் ஓர் ஆள் உண்டு என்பது சவரிநாதனின் கட்சி. மாசா மாசம் அவர் கார்டில் கை வைக்கிற ஆள். அந்த ஆள் இந்த நாலு பேருக்குள்தான் ஒளிந்திருக்கிறான் என்று அவர் முடிவுகட்டி வந்திருந்தார்.

கை கழுவிய ஈரம் காய்வதற்குள் சட்டைப் பையிலிருந்து நாலாக மடித்த தாளை எடுத்து மேஜையில் விரித்தார். கார்டு ஸ்டேட்மென்ட். போனில் வருவதை அவர் நம்புவதில்லை. கீழே மொஹ்சினின் மொபைல் கடையில் கொடுத்துத் தாளில் அடித்து வாங்கிக்கொள்வார். ஒரு வரியின் கீழே தாள் கிழிகிற மாதிரி பேனாவால் கோடு போட்டிருந்தார்.

"இத்த யாரு வாங்கினது?"

ஒவ்வொரு முகமாகப் பார்த்தார்.

"மூணு மாசமா பாத்துகினு கீறேன். எழுநூத்திச் சொச்சம். இன்னா கடைன்னே தெர்ல. அதே தேதி. வூட்டு வாடகை மாதிரி டாண்ணு வந்து வாங்கிகினு போறான்."

"எதிர் வூட்டு சிலுவையம்மா மிக்ஸி வாங்கினாளே, அந்தத் தவணையா இருக்கும்" என்றாள் ரெஜினா.

"தவணையும் முடிஞ்சுது, மிக்ஸியும் முடிஞ்சுது. நீ வேற."

அந்தச் சந்தில் ஒரு பழக்கம். யாருக்கு பிரிட்ஜ் வேண்டுமோ, செல்போன் வேண்டுமோ, அவர்கள் சவரிநாதனைக் கூட்டிக்கொண்டு கடைக்குப் போவார்கள். அவர் கார்டைத் தேய்ப்பார். மாதம் பிறந்ததும் அவரவர் பங்கைக் கையில் கொண்டுவந்து கொடுப்பார்கள். அதனால் அந்தத் தாளில் இருப்பது ஒரு குடும்பத்தின் செலவு இல்லை, ஒரு சந்தின் செலவு. அந்த ஒரு வரி தப்பித்துக்கொண்டே வந்ததற்கு அதுதான் காரணம். முதல் மாதம் யாருடையதோ என்று விட்டார். அடுத்த மாதம், துட்டைக் கொண்டுவந்து தருவார்கள் என்று காத்திருந்தார். மூன்றாம் மாதம் வீடு வீடாகப் போய்க் கேட்டார். எல்லாரும் கையை விரித்தார்கள். கடைசியில் தன் வீட்டுக்கு வந்திருக்கிறார்.

வந்ததற்கு நியாயம் இருந்தது. யார்டுக்குள் போன் கொண்டுபோக விடமாட்டார்கள். ஷிப்டுக்குக் கிளம்பும்போது போனை பிரிட்ஜ் மேல் சார்ஜில் போட்டுவிட்டுப் போவார். கார்டு அதே பிரிட்ஜ் மேல், குழந்தை யேசு படத்துக்குப் பின்னால் இருக்கும். கார்டில் எதை வாங்கினாலும் அந்தப் போனுக்குத்தான் ஓடிபி வரும். கார்டு எண்ணைச் சந்தில் யார் வேண்டுமானாலும் பார்த்து வைத்திருக்கலாம். ஓடிபி பார்க்க வேண்டுமானால் இந்த வீட்டுக்குள் நிற்க வேண்டும்.

"ராத்திரி பூரா போன நோண்டிகினு குந்தியிருக்கறது இந்த வூட்ல யாரு?" என்றார் சவரிநாதன், தாளைப் பார்த்தபடியே.

"நான்தான்" என்றான் ஜெபின்.

"இன்னா பாக்குற? ரம்மியா? வேற எதுனா கலீஜா?"

"கலீஜ் பாக்கறதுக்கு எவன் மாமா துட்டு கட்றான்? அதெல்லாம் சும்மாவே கீது."

ரெஜினா அவன் தோளில் ஓர் அடி வைத்தாள். "பொம்பளைங்க குந்தினு கீறோம்."

சவரிநாதன் சிரிக்கவில்லை. கையை நீட்டினார். ஜெபின் போனைக் கொடுத்தான். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு நெடுநேரம் தடவித் தடவிப் பார்த்தார். ஒன்றும் அகப்படவில்லை. "அழிச்சிட்டிருப்ப" என்று திருப்பிக் கொடுத்தார். அப்படியானால் எல்லார் போனையும் மேஜையில் வைக்கலாமே என்று ஜெபின் கேட்டான். ரெஜினா தன்னுடையதை உடனே தூக்கிப் போட்டாள். மருமகளின் போனைக் கேட்க மாமனாருக்கு வாய் வரவில்லை. தன் போனை எடுத்து அவர் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். ஜெபின் இரண்டையும் கவனித்தான்.

"அடுத்த ஞாயித்துக்கிழமை பூசை முடிஞ்சு வருவேன்" என்றார் சவரிநாதன். "ஒண்ணு, இந்த வரிக்கு பதில் இருக்கணும். இல்லன்னா உன் பை வாசல்ல இருக்கணும். எட்டு மாசம் சோறு போட்டதுக்கு நான் கணக்கு கேக்கல. திருட்டுக்கு கேப்பேன்."

அக்கா ஏதாவது சொல்வாள் என்று ஜெபின் பார்த்தான். அவள் தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தாள். அப்பா போனதும் தண்டையார்பேட்டைக் கடையை அண்ணன் விற்றுவிட்டான். திருவொற்றியூரில் கூட இருந்தவர்கள் அறையைக் காலி செய்துவிட்டார்கள். இந்த ஹாலை விட்டால் அவனுக்குக் கால் நீட்ட இடமில்லை. அது அங்கே இருந்த எல்லாருக்கும் தெரியும்.

மொஹ்சின் கடையில் கூட்டமில்லை. அவன் யாருடைய போனையோ பிரித்துப்போட்டு ஊதிக்கொண்டிருந்தான்.

"நீதானே மாமு?" என்றான், தலையைத் தூக்காமல்.

"நீயுமா?"

"சும்மா கேட்டேன். உன் மாமன் தாளைக் குடுக்கும்போதே பாத்தேன். அது போன்ல ஆப்பு வாங்கற கடை. உள்ள இன்னா ஆப்புன்னு தாள்ல வராது. எந்தப் போன்ல வாங்கினாங்களோ அதுலதான் தெரியும்."

"பேங்க்குக்குப் போன் போட்டா?"

"கார்ட பிளாக் பண்ணுன்னுவான். பண்ணா சந்துல பாதிப் பேர் தவணை நின்னுடும். உன் மாமன் வாசல்ல கும்பல் கூடிடும்." மொஹ்சின் திருப்புளியைக் கீழே வைத்தான். "மாசா மாசம் தானா எடுத்துக்கோன்னு எவனோ ஒரு தபா ஓகே குடுத்து கீறான். அந்த ஓகேவ மட்டும் வாபஸ் வாங்கலாம். பேங்க் ஆப்லயே கீது. வாங்கிட்டு கம்முனு இரு. யாருக்கும் சொல்லாத. எடுக்கற தேதி வரட்டும். துட்டு போவலன்னா ஆப்பு நின்னுடும். நின்னா எவன் மூஞ்சி மாறுதுன்னு பாரு."

ஜெபினுக்கு அது பிடித்திருந்தது. சவரிநாதனைத் தனியாக மாடிப்படியில் பிடித்துச் சொன்னான். அவருக்கும் பிடித்துவிட்டது. மச்சானின் முகத்தை நான்கு நாள் உற்றுப் பார்க்க ஒரு சாக்கு என்று அவர் கணக்குப் போட்டார். அவர் போனில் அவர் விரலாலேயே ஜெபின் அதை அழுத்த வைத்தான். தேதி புதன்கிழமை.

அதன்பிறகு அந்த வீட்டில் ஆளை ஆள் கண்ணால் மேய்ந்தார்கள். சவரிநாதன் ஜெபினைப் பார்த்தார். ஜெபின் மூன்று பேரையும் பார்த்தான். அக்கா போனில் எந்த நேரமும் செபமாலை ஓடியது. வெளிநாட்டுப் பாதிரியார் யாருக்காவது மாதச் சந்தா கட்டுகிறாளா? புதன்கிழமையும் செபமாலை நிற்கவில்லை. மாமா தினமும் சாயங்காலம் படிக்கட்டில் நின்று வாயைப் பொத்திக்கொண்டு போன் பேசினார். ஜெபின் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு இறங்கிப் போய் ஒட்டுக்கேட்டான். சிலுவையம்மாளின் மிக்ஸிக்கு மெக்கானிக் பேசிக்கொண்டிருந்தார்.

வியாழக்கிழமை காலை டெபோரா பால் பொங்கி வழிவதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். அடுப்பை அணைத்தது ரெஜினா. பத்து மணிக்குத் துணி காயப்போட மொட்டைமாடிக்குப் போன டெபோரா அங்கிருந்து ஜெபினைக் கூப்பிட்டாள்.

"சின்ன மாமா, உங்க ஏடிஎம் கார்டுல ஒண்ணு போட்டுத் தர்றீங்களா? கேஷ் குடுத்துடறேன்."

"என்னது?"

"ஒரு ஆப்பு."

கொடியில் சவரிநாதனின் யூனிபார்ம் தொங்கிக்கொண்டிருந்தது. அதற்கப்பால் துறைமுகத்துக் கிரேன்கள் கழுத்தை நீட்டி நின்றன. ஜெபினுக்கு முதலில் வந்தது இரக்கமில்லை. அப்பாடா என்று இருந்தது.

"அப்போ நீதானா" என்றான்.

அவள் மறுக்கவில்லை. "ஏழு நாளு சும்மான்னு போட்டிருந்தான். கார்டு நம்பர் மட்டும் கேட்டான். மாமா ஷிப்டுக்குப் போயிருந்தாரு. போன் பிரிட்ஜ் மேல அடிச்சிகினு கெடந்துச்சி. ஏழு நாள்ல நிறுத்திடலாம்னுதான் நெனச்சேன்."

"ஏன் நிறுத்தல?"

"நிறுத்த முடியல."

"இன்னா ஆப்பு அது?"

"கப்பல் எங்க போவுதுன்னு காட்டும். நடுக்கடல்ல இருந்தா துட்டு கட்டினாத்தான் காட்டும்."

"உன் ஏடிஎம் கார்டுலயே போட்டிருக்கலாமே."

"என் அக்கவுண்ட் மெசேஜ் அவருக்குப் போவுது. ஒரு பாக்கெட் பால் வாங்கினாக்கூட அங்கேருந்து இன்னாத்துக்குன்னு கேப்பாரு."

ஆக, புருஷன் கடலில் இருந்தபடி இவள் வாங்கும் பாலைப் பார்க்கிறான். இவள் இங்கிருந்தபடி அவன் கப்பலைப் பார்க்கிறாள். ஜெபின் ஒரு பீடியைப் பற்றவைத்தான்.

"அப்பிடி இன்னா சந்தேகம்?"

"போன தபா துபாய்ல எறங்கி வர்றேன்னு வந்தாரு. துணி துவைக்கும்போது சட்டைப் பாக்கெட்ல கோவா பஸ் டிக்கெட்டு. கேட்டேன். கூட இருந்தவன் சட்டை மாறி வந்துடுச்சின்னாரு." அவள் யூனிபார்மின் சுருக்கத்தை இழுத்துவிட்டாள். "அந்தச் சட்டை நான் தச்சிக் குடுத்தது சின்ன மாமா."

"இப்போ?"

"ஆப்பிரிக்காவுக்குப் போறோம், நெட்டு கிடைக்காதுன்னு சொல்லி கீறாரு. செவ்வாய்க்கிழமை பாத்தேன். கப்பல் இலங்கைக்குக் கிழக்கால கீது. வடக்கப் பாத்து வந்துகினு கீது. நேத்துலருந்து ஆப்பு தொறக்கல. துட்டு கட்டுன்ற பக்கந்தான் வருது."

"நான்தான் நிறுத்தச் சொன்னேன்."

அவள் அவனை ஒரு தடவை பார்த்தாள். திட்டவில்லை.

"நீ போயி மாமாகிட்ட சொல்லிடு" என்றான் ஜெபின்.

"சொன்னா இன்னாத்துக்குன்னு கேப்பாரு. ஒடனே புள்ளைக்கு போன் போடுவாரு. இவரு உசாராயிடுவாரு. ஞாயித்துக்கிழமை வரைக்கும்தான் டைம் கீதே."

"டைம் குடுத்தது எனக்கு. உனக்கில்ல. உனக்கோசரம் நான் தெருவுல படுக்கணுமா?"

அவள் ஒரு கிளிப்பை மாட்டினாள், கழற்றினாள், மறுபடி மாட்டினாள்.

"அது இன்னா கப்பலு? இன்னா ஏத்தும்?"

"கரி."

ஜெபின் பீடியை மதில் விளிம்பில் நசுக்கினான். இலங்கையைத் தாண்டி வடக்கே பார்த்து வருகிற கரிக்கப்பல் எங்கே போகும் என்று அவனுக்கு ஆப் சொல்ல வேண்டியதில்லை. அவன் நுரையீரலில் பாதி அங்கே வந்த கரிதான்.

"நான் கேட்டுச் சொல்றேன். ஆனா ஞாயித்துக்கிழமை நீ வாயத் தொறக்கணும். தொறக்கலன்னா நான் தொறப்பேன்."

எண்ணூரில் அவனோடு வேலை பார்த்த அறிவு இன்னும் அங்கேதான் லாரிகளுக்குச் சீட்டுக் கிழித்துக்கொண்டிருந்தான். ஜெபினின் குரலைக் கேட்டதும், "உயிரோடதான் கீறியா? நாங்க மாலைக்கு வசூல் பண்ணிட்டோம்" என்றான். டெபோரா சொல்லியிருந்த கப்பலின் பெயரைக் கேட்டதும் யோசிக்கவே இல்லை. "அதுவா? நேத்து சாயங்காலம் கரையில கட்டினான். கரி எறங்கிகினு கீது. இன்னா விஷயம்?"

ஜெபின் சுவரில் இருந்த போட்டோவைப் போனில் எடுத்து அனுப்பினான். "இந்த மூஞ்சி கண்ணுல பட்டா சொல்லு. கிட்ட போயிப் பேசாத."

வெள்ளிக்கிழமை மத்தியானம் அறிவு கூப்பிட்டான்.

"ரெண்டு பேரு வேலை முடிஞ்சி எறங்கினாங்கோ. ஒருத்தன் வடநாட்டுக்காரன். இன்னொருத்தன் உன் ஆளு. அதே தாடி. பெரிய டிராலி பை ஒண்ணு, கரியிலயே தரதரன்னு இழுத்துகினு போனான். கேட்டுக்கு வெளிய வெள்ளக் காரு ஒண்ணு காத்துகினு இருந்துச்சி."

"டாக்சியா?"

"சொந்தக் காரு. இவன் முன்னாடி சீட்ல ஏறினான்."

"எந்தப் பக்கம் போச்சி?"

"மீஞ்சூர் பக்கம். உங்க பக்கம் இல்ல."

ஜெபின் அதை அப்படியே டெபோராவிடம் சொன்னான். கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. முன்சீட்டையும் சொன்னான். அவள் மடித்த போர்வையை உதறி மறுபடி மடித்தாள். அந்த ராத்திரி மாடிப்படியில் செருப்புச் சத்தம் கேட்கிறபோதெல்லாம் அவள் அறையில் விளக்கு எரிந்தது. யாரும் வரவில்லை.

சனிக்கிழமை சாயங்காலம் சாவியோவின் போன் வந்தது. படம் இல்லை, குரல் மட்டும். நெட் மோசம் என்றான். ரெஜினா ஸ்பீக்கரில் போட்டாள்.

"எங்கடா கீற நைனா?"

"நடுக்கடல்லமா. இன்னும் பத்து நாள் ஆவும் ஆப்பிரிக்கா போறதுக்கு."

"சாப்டியா?"

"இப்பதான் ரெடியாவுது."

அந்தப் பக்கம் குக்கர் விசில் அடித்தது. ஒன்று. கொஞ்சம் விட்டு இன்னொன்று.

"இன்னாடா சத்தம் அது?"

"கப்பல் ஹார்ன்மா."

ரெஜினா நம்பினாள். சவரிநாதனும் நம்பினார். துறைமுகத்திலேயே வாழ்நாளைக் கழித்தவர், கப்பல் ஹார்ன் எப்படி இருக்கும் என்று தூக்கத்தில்கூடச் சொல்வார். பிள்ளை சொன்னால் குக்கரும் ஹார்ன்தான். ஜெபின் டெபோராவைப் பார்த்தான். அவள் போனையே பார்த்துக்கொண்டிருந்தாள். மூன்றாவது விசிலுக்கு முன்னால் சாவியோ வைத்துவிட்டான்.

ஞாயிற்றுக்கிழமை ஜெபின் பூசைக்குப் போகவில்லை. பையைக் கட்டி வாசலில் வைத்தான். அவளை நம்பவில்லை. யாரையும் நம்பி அவனுக்கு நல்லது நடந்ததில்லை. இரண்டு பேண்ட், நாலு சட்டை, ஒரு போர்வை. கட்டி முடிக்கப் பீடி அணைகிற நேரம்கூட ஆகவில்லை.

மூவரும் கோயிலிலிருந்து வந்தார்கள். சவரிநாதன் வாசலில் பையைப் பார்த்தார். தாண்டி உள்ளே வந்து நாற்காலியில் உட்கார்ந்தார்.

"அப்போ பதில் இல்ல."

"கீது" என்றான் ஜெபின். டெபோராவைப் பார்த்தான். "நான் சொல்லட்டுமா, நீ சொல்றியா?"

அவள் தலையிலிருந்த முக்காட்டை எடுத்தாள். அந்த நேரத்தில் படிக்கட்டில் ஏதோ உருண்டு ஏறுகிற சத்தம் கேட்டது. தடக், தடக் என்று ஒவ்வொரு படியாக.

திறந்திருந்த வாசலில் சாவியோ நின்றான். கையில் டிராலி பை. முகம் நிறையச் சிரிப்பு, சுவரில் இருந்த அதே சிரிப்பு. தாடியை மட்டும் யாரோ நன்றாக ஒதுக்கி வெட்டியிருந்தார்கள்.

"இன்னா, எல்லாரும் பேயப் பாத்த மாதிரி நிக்கிறீங்கோ?"

ரெஜினா ஓடிப்போய்க் கட்டிக்கொண்டு அழுதாள். "நேத்து நடுக்கடல்ல கீறேன்னியேடா."

"சர்ப்ரைஸ் குடுக்கலாம்னுதான். சிங்கப்பூர்ல எறக்கி வுட்டாங்கோ. காலைல பிளைட்டு. ஏர்போர்ட்லருந்து நேரா வர்றேன்."

"குடு, நான் எடுத்து வைக்கிறேன்" என்று ஜெபின் டிராலியை வாங்கினான். கைப்பிடியில் விமானக் கம்பெனிச் சீட்டு ஒட்டியிருக்கவில்லை, கிழித்த தடமும் இல்லை. சக்கரத்தில் விரலை வைத்துப் பார்த்தான். கறுப்பு. துடைத்தால் போகாத, எண்ணெய் மாதிரி ஒட்டுகிற கறுப்பு. எட்டு மாதமாக அவன் நகத்தடியிலிருந்து இன்னும் முழுசாகப் போகாத அதே கறுப்பு. ஏர்போர்ட் தரையில் அது கிடையாது. அந்த விரலை டெபோரா பார்க்கிற மாதிரி நீட்டிவிட்டுப் பேண்டில் துடைத்துக்கொண்டான். சொல்ல வேண்டியது அவள்.

"மாமா" என்றாள் டெபோரா. சவரிநாதன் மகனைவிட்டுக் கண்ணை எடுக்காமல் "உம்" என்றார்.

"கார்டுல மாசா மாசம் போனது என்னாலதான். சின்ன மாமா மேல ஒண்ணும் இல்ல."

"இன்னாத்துக்கு?" என்றார் அவர். இப்போது திரும்பினார்.

"இவரு கப்பல் எங்க கீதுன்னு காட்டற ஆப்பு. அதுக்குத்தான் கட்டினேன்."

சாவியோவின் சிரிப்பு இன்னும் இருந்தது, யாரோ அணைக்க மறந்த விளக்கு மாதிரி. அவன் அம்மாவின் கையை மெதுவாக எடுத்துவிட்டான்.

"இதெல்லாம் ஒரு ஆப்பு. தப்புத் தப்பாக் காட்டும்" என்றான். "டாக்சிக்காரனுக்குச் சில்லறை குடுக்கணும், கீழ நிக்கிறான். ஒரு நிமிஷம், வந்துடறேன்."

சவரிநாதன் ஜன்னல் வழியாகக் கீழே பார்த்தார். முதல் தடவையாக, ஒரு வாரம் ஜெபினைப் பார்த்த பார்வை மகன் மேல் திரும்பியது.

"கீழ டாக்சி எதுவும் இல்லியேடா" என்றார்.

சாவியோ வாசலைப் பார்த்தான். அதற்குள் டெபோரா அவனைத் தாண்டிப் போயிருந்தாள். வாசலில் இருந்த ஜெபினின் பையைத் தூக்கி உள்ளே, பாய் சுருட்டி வைக்கிற மூலையில் போட்டாள். கதவை இழுத்துச் சாத்தினாள்.

"வெள்ளிக்கிழமை எண்ணூர்ல எறங்கின" என்றாள். "முன்னாடி சீட்ல ஏறின. ரெண்டு ராத்திரி. அத்த மொதல்ல சொல்லு, அப்பால கீழ போலாம்."

அவன் கண்ணெதிரே பூட்டில் சாவி திரும்பியது. அவள் அதை உருவிக் கைக்குள் மூடிக்கொண்டாள்.